பட்டருக்குப் பதில் டால்டா போடலாமா?

"வெண்ணெய் விக்கிற விலைக்குக் கட்டுப்படியாகல, குக்கீஸுக்கு டால்டா போடலாமா?" இதுதான் இன்னிக்குக் கேள்வி. வைகை அணையில் வீட்டிலேயே பிஸ்கட் சுட்டு விற்கிற எனக்கும் இது பிழைப்புக் கேள்விதான்.

போடலாம். ஆனால் அளவை அப்படியே மாத்தக் கூடாது. 100 கிராம் வெண்ணெயில் கொழுப்பு ஏறக்குறைய 80 கிராம்தான். மீதியில் பெரும்பங்கு தண்ணீர். வனஸ்பதியோ முழுக்கக் கொழுப்பு. (டால்டாங்கிறது 1937-ல் வந்த பிராண்டு பேரு. நம்ம ஊர்ல எந்த வனஸ்பதியும் டால்டாதான், விடுங்க.) அதனால 100 கிராம் வெண்ணெய்க்கு 80 கிராம் டால்டா, ஒரு மேஜைக்கரண்டி பால். பால் இல்லாமலே மாவு உருண்டை சேர்ந்தா அதுவும் வேணாம். உப்பு வெண்ணெய்க்குப் பதிலா போட்டா ஒரு சிட்டிகை உப்பு சேருங்க.

நம்ம பக்கத்து வெயிலுக்கு டால்டா கைகொடுக்கும்னு சொல்லணும். வெண்ணெய் 32 முதல் 35 டிகிரிக்குள் உருகிடும். மே மாச மதியம் உருண்டை பிடிக்கும்போதே இளகி, ஓவனுக்குள் போனதும் பரவித் தட்டையாகும். வனஸ்பதியின் உருகுநிலை விதிப்படி 41 டிகிரி வரை இருக்கலாம். அதனால குக்கீ உருவம் கலையாம உயரமா நிற்கும். தண்ணீர் குறைவுங்கிறதால மைதா இழுவை பிடிக்காது; கடிச்சா பொலபொலன்னு உதிரும்.

போறது வாசனை. வெண்ணெயில் இருக்கிற பால் சத்து சிவந்து வர்ற மணம் டால்டாவில் வரவே வராது. உருகுநிலை நம்ம உடம்புச் சூட்டைத் தாண்டினா, அண்ணத்தில் மெழுகு மாதிரி ஒட்டும். எசன்ஸ் ஊத்தி மறைக்கிறது எனக்குப் பிடிக்கல. பாதிப்பாதி போடுங்க: 50 கிராம் வெண்ணெய், 40 கிராம் டால்டா, அரை மேஜைக்கரண்டி பால். மணமும் வரும், உருவமும் நிற்கும்.

அடுத்தது டிரான்ஸ் கொழுப்பு. இதயத்துக்குக் கெடுதல். 2022 ஜனவரியிலிருந்து எண்ணெய், வனஸ்பதி எதிலும் இது 2 சதவீதத்துக்கு மேல இருக்கக் கூடாதுன்னு எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. விதி. பாக்கெட்டில் அளவு போட்டிருக்கும், பாத்து வாங்குங்க. லேபிள் இல்லாம சில்லறையா நிறுத்துக் கொடுக்கிறதை நான் தொடுறதில்லை. டிரான்ஸ் குறைஞ்சாலும் நிறைவுற்ற கொழுப்பு இருக்கத்தான் செய்யும், வெண்ணெயிலும் அப்படித்தான்.

டால்டா போட்டதை 'பட்டர் பிஸ்கட்'னு மட்டும் விற்காதீங்க. அணைப் பூங்காவுக்கு வர்றவங்க அந்தப் பேரை நம்பித்தான் பிள்ளைங்க கையில வாங்கிக் கொடுக்கிறாங்க. என் கலப்பு டப்பாவில் வெண்ணெய், வனஸ்பதி ரெண்டையும் எழுதியிருக்கேன். முழு வெண்ணெய் டப்பா தனி, விலையும் தனி.