கேட்கப்படாத ஒப்புதல்

திருவரங்கத்திலிருந்து கொள்ளிடத்தைக் கடந்து, சேலம் சாலையில் மேற்கே சென்றால் காவிரியின் வடகரையில் குணசீலம் வரும். அங்குள்ள பிரசன்ன வேங்கடாசலபதி கோயிலில், மனநலம் குன்றியோரை ஒரு மண்டலம், அதாவது 48 நாள் தங்கவைப்பது நெடுநாள் வழக்கம். பூசை முடிந்ததும் அவர்கள் முகத்தில் தீர்த்தம் தெளிக்கப்படும். இன்று அங்கே மனநல மறுவாழ்வு மையம் ஒன்றும் உண்டு. உறவினர் அன்போடும் நம்பிக்கையோடும்தான் அழைத்து வருகின்றனர். ஆனால், 'உனக்கு இங்கே தங்க விருப்பமா?' என நோயாளியைக் கேட்டவர் எத்தனை பேர்?

இக்கேள்வி கேட்கப்படாததன் கொடிய விளைவை ஏர்வாடியில் கண்டோம். இராமநாதபுரம் மாவட்டத்திலுள்ள அவ்வூரின் தனியார் காப்பகம் ஒன்றில், 2001 ஆகஸ்டு 6 அன்று தீப்பற்றியது. சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தமையால் தப்ப இயலாமல் 28 பேர் மாண்டனர். அத்தகைய சங்கிலியை இயக்குநர் பாலா 1999இலேயே 'சேது' திரைப்படத்தில் காட்டியிருந்தார். நாம் கண்ணீர் விட்டோம். ஆயினும், அதைக் கதையென்றே கருதிவிட்டோம்.

மருத்துவமனைக்குள்ளும் இதே கேள்வி எழுந்தது. மூளையில் மின்சாரம் செலுத்தும் மின்னதிர்வு சிகிச்சை 1938இல் உரோம் நகரில் தொடங்கியது. தொடக்கத்தில் மயக்க மருந்தின்றி அளிக்கப்பட்டதால், உடல் துடித்து எலும்பு முறிந்தவர்களும் உண்டு. திரைப்படங்கள் பலவும் இதனைத் தண்டனையாகவே சித்திரித்தன. அது முழு உண்மையன்று. கடுமையான மனச்சோர்வுக்கு இச்சிகிச்சை பயனளிப்பதை மருத்துவர்கள் ஏற்கின்றனர். நினைவிழப்பு குறித்த அச்சமும் பொய்யன்று. எனவே, நோயாளி அறிந்து அளிக்கும் ஒப்புதல் இன்றியமையாததாகிறது. மனநலப் பாதுகாப்புச் சட்டம், 2017 மயக்க மருந்தும் தசைத் தளர்வு மருந்தும் இன்றி இச்சிகிச்சை அளிப்பதைத் தடை செய்கிறது. சங்கிலியிடுவதையும் அது விலக்குகிறது. தமக்கு எத்தகைய சிகிச்சை வேண்டும், எது வேண்டா என்பதை ஒருவர் முன்கூட்டியே எழுதி வைக்கவும் வழி செய்கிறது.

நோயாளிக்காகப் பேசவந்த கலைஞரும் இக்கேள்வியிலிருந்து தப்பவில்லை. அமெரிக்காவின் ஃபிரெடெரிக் வைஸ்மன், சட்டம் கற்பித்தவர். மாசசூசெட்சு மாநிலத்தின் பிரிட்ஜ்வாட்டர் மருத்துவச் சிறையில் நோயாளிகள் ஆடையின்றி அடைக்கப்பட்டதையும், உண்ண மறுத்தவருக்கு மூக்குக்குழாய் வழியே உணவு செலுத்தப்பட்டதையும் அவர் படமாக்கினார். 'டிட்டிகட் ஃபாலீஸ்' என்னும் அந்த ஆவணப்படம் 1967இல் வெளிவந்தது. நோயாளிகளின் அந்தரங்கம் மீறப்பட்டதாகக் கூறி மாநில அரசு வழக்குத் தொடுத்தது. நீதிமன்றம் படத்தைத் தடை செய்தது. தன் சிறையின் அவலத்தை மறைக்கவே அரசு அந்தரங்கத்தைத் துணைக்கழைத்தது என்றே எண்ணத் தோன்றுகிறது. எனினும், வாதம் வெறும் சாக்கன்று. வைஸ்மன் பெற்றிருந்தது முதன்மையாகக் கண்காணிப்பாளரின் இசைவு. படத்தில் தோன்றியவர்களுள் பலர், ஒப்புதல் என்றால் என்னவென்று உணரும் நிலையிலேயே இல்லை. 1991இல்தான் பொதுமக்கள் அப்படத்தைக் காண அனுமதி கிடைத்தது. நம் நாட்டின் 2017ஆம் ஆண்டுச் சட்டமோ, மனநல நிலையத்தில் சிகிச்சை பெறுபவரின் ஒளிப்படத்தை அவருடைய ஒப்புதலின்றி ஊடகங்களுக்கு அளிக்கலாகாது என்கிறது.