கட்டிலருகே படித்த வேதம்

ஓரியூரில் மணல் சிவப்பாக இருக்கிறது!

இராமநாதபுரம் மாவட்டத்தில் உள்ள இந்தச் சிற்றூருக்கு வருகிறவர்கள், ஒரு பிடி மணலைப் பொட்டலம் கட்டி வீட்டுக்கு எடுத்துச் செல்கிறார்கள். புனித அருளானந்தர் சிந்திய இரத்தத்தால் மண் சிவந்தது என்பது மக்கள் நம்பிக்கை.

அவர் ஏன் இரத்தம் சிந்தினார்? ஒரு குடும்பத்தின் கதை அது.

தாயின் நேர்ச்சை

அருளானந்தரின் இயற்பெயர் ஜான் டி பிரிட்டோ. 1647-ம் ஆண்டு போர்ச்சுக்கல் நாட்டின் லிஸ்பன் நகரில், பிரபு குடும்பத்தில் பிறந்தார். சிறு வயதில் கடும் நோய் கண்டது. பிள்ளை பிழைத்தால் ஓராண்டு சேசு சபைத் துறவியின் உடையை அணிவிப்பதாக, புனித சவேரியாரிடம் தாய் நேர்ந்து கொண்டார். பிள்ளை பிழைத்தது.

வளர்ந்ததும் அவர் அந்தச் சபையிலேயே சேர்ந்தார். கப்பலேறித் தமிழ்நாடு வந்தார். தமிழ் கற்றார். காவி உடுத்தார். புலால் நீக்கினார்.

மறவர் நாட்டில் 1686-ல் அவரைப் பிடித்துச் சித்திரவதை செய்தார்கள். இனி இங்கே போதிக்கக் கூடாது என்று கூறி விடுதலை செய்தார்கள். ஐரோப்பா சென்ற அவர், 1690-ல் திரும்பி வந்தார். மறுபடியும் மறவர் நாட்டுக்கே போனார்!

தடியத் தேவர்

அப்போது இராமநாதபுரத்தை ஆண்டவர் கிழவன் சேதுபதி. அரச குடும்பத்தைச் சேர்ந்த தடியத் தேவர் தீராத நோயில் கிடந்தார். வைத்தியம் பலிக்கவில்லை. அருளானந்தருக்கு ஆள் அனுப்பினார்.

அருளானந்தர் உபதேசியார் ஒருவரை அனுப்பி வைத்தார். உபதேசியார் கட்டிலருகே நின்று செபம் செய்தார், நற்செய்தியைப் படித்தார். நோய் நீங்கியது. தேவர் ஞானஸ்நானம் கேட்டார்.

ஆனால் அவருக்கு மனைவியர் பலர். கிறிஸ்தவனுக்கு ஒரே மனைவிதான் என்றார் அருளானந்தர். தேவர் சம்மதித்தார். முதல் மனைவியை வைத்துக் கொண்டு, மற்றவர்களைச் சகோதரிகளாக நடத்த முடிவு செய்தார். 1693 ஜனவரியில் ஞானஸ்நானம் பெற்றார்.

பெண்ணின் கண்ணீர்

விலக்கப்பட்டவர்களில் ஒருத்தி சேதுபதியின் உறவுப் பெண். அவள் அழுதுகொண்டே அரண்மனைக்கு ஓடினாள்.

அவள் நிலையையும் எண்ணிப் பார்க்க வேண்டும். ஒரே நாளில் மனைவி என்ற உரிமையை இழந்தவள் அவள். கணவனுக்குக் கிடைத்த விசுவாசம், அவளுக்குக் கண்ணீரைக் கொடுத்தது.

சேதுபதி சீறினார். அருளானந்தர் கைதானார். இராமநாதபுரத்திலிருந்து ஓரியூருக்குக் கொண்டு போனார்கள். 1693 பிப்ரவரி 4-ந் தேதி அவருடைய தலை வெட்டப்பட்டது. அதற்கு முந்திய நாள், சிறையிலிருந்து தம் சபைக் குருக்களுக்குக் கடிதம் எழுதினார். கரியை நீரில் கரைத்ததுதான் மை. வைக்கோல் துரும்புதான் பேனா!

லிஸ்பனில்...

மகன் இறந்த செய்தி கடல் கடந்து தாயை எட்டியது. அவர் துக்க உடை அணியவில்லை. விழாவுக்குரிய உடை அணிந்தார் என்கிறது அவர் வரலாறு. உடையிலே தொடங்கிய நேர்ச்சை, உடையிலேயே நிறைவேறியது.

1947-ல் போப்பாண்டவர் 12-ம் பத்திநாதர், அருளானந்தரைப் புனிதர் என அறிவித்தார்.

இன்றும் ஓரியூர் மணல் வீடுகளுக்குப் போகிறது. வீட்டில் ஒருவர் நோயுற்றால், கட்டிலைச் சுற்றிக் குடும்பம் கூடுகிறது. ஒருவர் வேதத்தைத் திறந்து படிக்கிறார். மற்றவர்கள் முழங்காலில் நிற்கிறார்கள். உபதேசியார் அன்று செய்ததும் இதைத்தான்!