தேசீயம் பிறப்பால் வருவதா?

தேசம் என்பது யாது, அதற்குரியோர் யாவர் என்று கேட்பவர்கள் திருப்பூர் ரயில் நிலையத்தில் ஒரு நாழிகை நின்று பார்ப்பாராக. பீஹார், ஒடிஷா, ஜார்க்கண்ட், அஸ்ஸாம் முதலிய ராஜ்யங்களிலிருந்து வந்திறங்கும் வாலிபர்கள் தோளிற் பையுடன் பனியன் கம்பெனிகளை நாடிச் செல்கின்றனர். நிலையத்தை அடுத்தே குமரன் நினைவகம் இருக்கிறது. அவர்களில் எத்தனை பேர் அதனுள் நுழைந்திருப்பர்? அது கிடக்கட்டும், அவர்களை உள்ளே அழைத்த நம்மவர்தாம் எத்தனை பேர்?

குமரனது சரித்திரம் தமிழ் நேயர்களுக்குப் புதிதன்று. சென்னிமலையில் 1904-ஆம் ஆண்டு நெசவாளர் குடும்பத்திற் பிறந்தவர். பள்ளிப் படிப்பு அதிகமில்லை. பிழைப்பின் பொருட்டுத் திருப்பூர் வந்து ஆலையொன்றில் வேலை பார்த்தவர். 1932 ஜனவரி 4-ஆம் தேதி காந்தியடிகள் சிறைப்பட்டார். 10-ஆம் தேதி திருப்பூர் வாலிபர்கள் கொடியேந்தி ஊர்வலம் வந்தனர். போலீஸார் தடியால் அடித்தனர். மண்டை பிளந்து வீழ்ந்த குமரன் கொடியைக் கைவிடவில்லை. மறுநாள் உயிர் நீத்தார். வயது 27.

இங்கே நாம் கவனிக்கத்தக்கது ஒன்றுண்டு. காங்கிரஸ் கொடிக்கு அன்றைய வடிவம் ஏற்பட்டு ஐந்து மாதங்களே ஆகியிருந்தன. முன்னிருந்த கொடியின் வர்ணங்களை ஹிந்துக்களுக்கு ஒன்று, முஸ்லிம்களுக்கு ஒன்று, ஏனையோருக்கு ஒன்று என்று பங்கிட்டுப் பொருள் கூறி வந்தனர். அதனால் விளைந்த மனஸ்தாபங்களைக் கண்ட காங்கிரஸ், 1931 ஆகஸ்டு மாதத்தில் வர்ணங்களை மாற்றி அமைத்ததோடு, அவை எந்த மதத்தையும் குறிப்பனவல்ல, குணங்களையே குறிப்பன என்று தீர்மானித்தது. நடுவே இராட்டை இருந்தது. தொன்றுதொட்டு வந்த சின்னத்திற்காக உயிர் கொடுத்தோர் உலகிற் பலர். ஐந்து மாதக் குழந்தையாகிய ஒரு சின்னத்திற்காக ஓர் ஏழைத் தொழிலாளி உயிர் கொடுத்தான் என்றால், தேசம் என்பது பழமையினால் மட்டும் உண்டாவதன்று என்பதற்கு வேறு சாக்ஷி வேண்டுமா?

அந்த இராட்டைக்கும் திருப்பூருக்கும் உள்ள தொடர்பு சிறிதன்று. அகில பாரத சர்க்கா சங்கம் 1925 செப்டம்பரில் ஸ்தாபிக்கப்பட்டது. அதன் தமிழ்நாட்டுக் கிளை திருப்பூரைத் தலைமையிடமாகக் கொண்டு, கிராமங்களில் நூற்ற நூலையும் நெய்த துணியையும் திரட்டிப் பல ஊர்களுக்கு அனுப்பிற்று. அச்சங்கம் பிறந்த ஊர் எது? பாட்னா! கங்கைக் கரையில் எடுத்த தீர்மானத்தினால் நொய்யற்கரையில் இராட்டை சுழன்றது. அதே காலத்தை ஒட்டித்தான் குலாம் காதர் என்னும் முஸ்லிம் அன்பர் இவ்வூரிற் பனியன் பின்னும் இயந்திரத்தை நிறுவித் தொழிலைத் தொடங்கி வைத்தார். இன்று வெளிநாடுகளுக்கெல்லாம் ஆடை அனுப்பும் திருப்பூரின் பெருமையை ஒரு ஜாதிக்கோ ஒரு மதத்திற்கோ பட்டா எழுதிக் கொடுக்க முடியாது.

1871-இல் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து அல்ஸேஸ் பிரதேசத்தைக் கைப்பற்றிய ஜெர்மானியர், அங்குள்ளோர் பேசுவது எங்கள் பாஷை, ஆகவே அவர்கள் எங்களவர் என்று வாதித்தனர். 1882-இல் பாரிஸ் நகரில் ரெனான் என்னும் பேரறிஞர் இதற்கு விடையளித்தார். குலமும் பாஷையும் தேசத்தை ஆக்குவதில்லை. சேர்ந்து பட்ட துன்பத்தின் நினைவும், சேர்ந்து வாழ வேண்டுமென்னும் விருப்பமுமே ஆக்குகின்றன என்பது அவர் கருத்து. ஹிந்தி ஒன்றே தேசத்தின் உயிர் என்று வடக்கே சிலர் பேசும்போது நமக்கு இவ்விடையே நினைவுக்கு வருகிறது. ஆனால், அதே அளவுகோலை நாமும் ஏற்கவேண்டுமன்றோ? ஊரும் பேரும் கேளாமல் ஒருவனை 'வடக்கன்' என்று ஒதுக்கும்போது, ஜெர்மானியர் வாதத்தையே நாம் தமிழிற் சொல்லுகிறோம்.

2023 மார்ச்சு மாதத்தில் நடந்ததை மறத்தற்கில்லை. தமிழ்நாட்டில் பீஹார்த் தொழிலாளர் கொல்லப்படுகின்றனர் என்று பொய்ப் படங்கள் பரவின. பீதியுற்றோர் பலர் ஊருக்குப் புறப்பட்டனர். பீஹார் அரசாங்கம் அதிகாரிகளை அனுப்பித் திருப்பூரிலும் விசாரித்தது. செய்தி பொய்யென்று வெளியாயிற்று. பொய்யைப் பரப்பியோர் மீது வழக்குகளும் தொடரப்பட்டன. பொய் கூறியோரைச் சட்டம் பார்த்துக்கொள்ளட்டும். இத்தனை ஆண்டுகள் நம்முடன் வேலை செய்தவன் ஒரே இரவில் அதை ஏன் நம்பினான் என்பதே நம் மனத்தை உறுத்துவது. பக்கத்து வீட்டாரிடம் சென்று, "இது மெய்யா?" என்று கேட்க அவனுக்குப் பாஷையும் இல்லை, பழக்கமும் இல்லை.

எந்தப் பிரஜையும் தேசத்தில் எங்கும் வசிக்கலாம் என்று அரசியல் சட்டத்தின் 19-வது ஷரத்து கூறுகிறது. சட்டத் தொழில் செய்யும் நாம் அதன் மதிப்பை அறிவோம். எனினும் ஷரத்து கதவைத் திறந்துவிடுமேயன்றி, உள்ளே வந்தவனுக்குப் பாய் விரிக்காது. ஓர் அறையில் பத்துப் பேரைப் படுக்க வைக்கும் முதலாளி, மேடையேறித் தேச ஒற்றுமை பேசுவது கேட்கச் சகிக்கவில்லை.

குமரன் நினைவகத்தில் அவர் சரித்திரம் தமிழோடு ஹிந்தியிலும் ஒடியாவிலும் வங்காளியிலும் படிக்கக் கிடைக்க வேண்டும். கம்பெனிகள் தம் தொழிலாளருக்கு மாலை வேளையிற் பேச்சுத் தமிழ் கற்பிக்கட்டும். அதற்கு ஓர் ஆசிரியரும் ஒரு கூடமும் போதும். ஜனவரி 11-ஆம் தேதி மாலையிடச் செல்லும் பிரமுகர்கள், அவ்வாண்டு முதன்முதலாகத் திருப்பூருக்கு வந்த வடநாட்டுத் தொழிலாளி ஒருவனையும் உடனழைத்துச் செல்லட்டும். குமரனும் ஒருநாள் பிழைப்பைத் தேடி இவ்வூருக்கு வந்தவர்தாம்.