ஊர் கூடிப் பின்னிய கம்பளி: உங்களுக்குத் தெரியுமா?

ஒருவர் தனியாக ஸ்வெட்டர் பின்னுவதற்கு ஊசியும் நூலும் போதும், பேச்சு தேவையில்லை. நாலாயிரம் பேர் சேர்ந்து ஒன்றைப் பின்ன வேண்டுமென்றால் அந்த வேலைக்கு முதலில் ஒரு பேர் வேண்டும். பிறகு எல்லாருக்கும் ஒரே அளவு, தப்பு வந்தால் அதைச் சொல்ல ஒரு சொல். கூட்டுப் பின்னலைப் பற்றிப் படிக்கப் படிக்க, எனக்குக் கம்பளியைவிட அந்தப் பேர்களின் மேல்தான் பிடிப்பு கூடியது. பேரைப் பிரித்தால் உள்ளே வேலையின் விதி இருக்கிறது.

★

இங்கிலாந்தின் வடக்கே, மலைகளுக்கு நடுவில் டென்ட் என்று ஒரு சிற்றூர். 18ஆம் நூற்றாண்டில் அந்த ஊரே காலுறையும் கையுறையும் பின்னிப் பிழைத்தது. ஆண், பெண், குழந்தை என்ற வேறுபாடு கிடையாது. குளிர்கால இரவில் வீட்டுக்கு வீடு கணப்பு மூட்டி மெழுகுவத்தி ஏற்றினால் கட்டுப்படியாகாது. அதனால் இன்று ஒரு வீடு, நாளை ஒரு வீடு என்று முறை வைத்துக் கூடினார்கள். இதற்கு அவர்கள் சொன்ன பேர், 'உட்காரப் போவது'. இடுப்பில் செருகிய மரக்குச்சியில் ஒரு ஊசியைப் பொருத்திவிட்டு, உடம்பை முன்னும் பின்னும் ஆட்டியபடி, பாட்டின் தாளத்துக்குப் பின்னுவார்கள்.

வெளியூர்க்காரர்கள் இவர்களை 'டென்ட்டின் பயங்கரப் பின்னல்காரர்கள்' என்றார்கள். திட்டு இல்லை. "பையன் பயங்கரமா பாடுறான்" என்கிறோமே, அந்தப் பயங்கரம்தான். கவிஞர் ராபர்ட் சவுதி 'தி டாக்டர்' என்ற தன் நூலில் இந்தப் பேரை அச்சில் ஏற்றினார். பின்னல் கற்றுக்கொள்ள டென்ட்டுக்கு அனுப்பப்பட்டு, வீட்டு ஏக்கம் தாங்காமல் தப்பித்து, மலை தாண்டி நடந்தே ஊர் திரும்பிய இரண்டு சிறுமிகளின் கதை அது. பாட்டும் தாளமுமாக நடந்த அந்த வேலையில், விளையாட வேண்டிய வயதுக் குழந்தையும் சோற்றுக்காகப் பின்னியாக வேண்டியிருந்தது. அதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

★

வேல்ஸ் நாட்டின் பாலா ஊரில் இதே வழக்கத்துக்குப் 'பின்னல் இரவு' என்று பேர். கோடையில் வீட்டுக்குள் அடைந்து கிடக்காமல் ஊரில் உள்ள குன்றில் ஏறி உட்கார்ந்துகொள்வார்கள். குன்று முழுக்கப் பின்னல்காரர்கள் நிறைந்திருந்ததை 18ஆம் நூற்றாண்டுப் பயணி தாமஸ் பென்னன்ட் எழுதி வைத்திருக்கிறார்.

★

ஸ்காட்லாந்தின் ஷெட்லண்ட் தீவுகளில் பின்னுவதை 'மக்கின்' என்பார்கள், அதாவது 'செய்வது'. வேறு எதையும் சேர்த்துச் சொல்ல வேண்டியதில்லை. அங்கே செய்வது என்றாலே பின்னுவதுதான். ஆண்டுதோறும் நடக்கும் ஷெட்லண்ட் கம்பளி வாரத்துக்கு ஒரு புதிய குல்லா வடிவத்தை இலவசமாக வெளியிடுகிறார்கள். பல நாட்டுக்காரர்களும் அவரவர் ஊரில் அதைப் பின்னி, தலையில் போட்டுக்கொண்டு வந்து இறங்குகிறார்கள். முன்பின் பார்த்திராதவர்கள் குல்லாவை வைத்தே ஒருவரையொருவர் கண்டுகொள்கிறார்கள்.

★

1914. முதல் உலகப் போர் தொடங்கிய சில வாரங்களிலேயே பிரிட்டனின் போர் அமைச்சர் கிச்சனர் பிரபு கேட்டுக்கொண்டபடி, அரசி மேரி நாட்டுப் பெண்களிடம் 3,00,000 ஜோடி காலுறை வேண்டுமென்றார். கூடவே அதே எண்ணிக்கையில் இடுப்புக் கச்சை. வீட்டுக்கு வீடு ஊசி எடுத்தார்கள். போர்முனைக்குப் பின்னி அனுப்பியவற்றுக்கெல்லாம் 'கம்ஃபர்ட்ஸ்', அதாவது ஆறுதல் பொருள்கள், என்றே பேர்.

பதுங்குகுழியில் ஈரத்தோடு நாள் முழுக்க நிற்கிறவனுக்குக் காலுறையின் விரல் முனையில் உள்ள மேடான மூட்டு உரசி உரசிப் புண்ணாகும். இரு பக்கக் கண்ணிகளையும் ஊசிநூலால் கோத்து, மூட்டே தெரியாமல் இணைக்கும் முறைக்கு இன்றும் ஆங்கிலத்தில் கிச்சனர் தையல் என்றே பேர். அவரே கண்டுபிடித்தார் என்பது பின்னல்காரர்கள் சொல்லும் கதை. பேர் மட்டும் நிலைத்துவிட்டது. அவர் 1916 ஜூனில் கப்பல் மூழ்கி இறந்தார்.

★

ஊட்டியிலும் கொடைக்கானலிலும் வாங்கி மாட்டிக்கொள்கிறோமே குரங்கு குல்லா, அதன் ஆங்கிலப் பேர் 'பாலக்லாவா'. கிரிமியப் போர் நடந்த ஓர் ஊரின் பேர் அது. 1854 குளிரில் அங்கே விறைத்துப்போன பிரிட்டிஷ் சிப்பாய்களுக்கு நாட்டிலிருந்து பின்னல் உடைகள் போயின. குல்லாவுக்கு அந்தப் பேர் ஒட்டிக்கொண்டது பல ஆண்டுகள் கழித்துத்தான்.

★

1918இல் வெள்ளை மாளிகைப் புல்தரையில் ஆடு மேய்ந்தது. குடியரசுத் தலைவர் உட்ரோ வில்சன் வளர்த்த செம்மறிகள். அவற்றின் கம்பளி ஏலத்தில் 50,000 டாலருக்கு மேல் திரண்டு செஞ்சிலுவைச் சங்கத்துக்குப் போனது. 'உன் பங்கைப் பின்னு' என்று அந்தச் சங்கம் நாடெங்கும் அழைப்பு விடுத்திருந்த காலம் அது.

★

பின்னல்காரர்கள் அடிக்கடி சொல்லும் ஒரு சொல் 'டென்ஷன்'. மனக் கவலை இல்லை, நூலின் இறுக்கம். ஒரே நூல், ஒரே ஊசி, ஒரே வடிவக் குறிப்பு கொடுத்து இருவரைப் பின்னச் சொல்லுங்கள். நூலைச் சுண்டு விரலில் ஒரு சுற்று சுற்றி இழுத்துப் பிடிக்கிறவரின் கண்ணிகள் நெருங்கி விழும். ஆள்காட்டி விரலில் லேசாகத் தொங்கவிடுகிறவரின் கண்ணிகள் அகலும். இருபது கண்ணியில் அரை அங்குலம் வித்தியாசம் வந்துவிடும். ஒருவர் பின்னுகிற ஸ்வெட்டரில் இது தெரியாது. ஐம்பது பேர் பின்னிய துண்டுகளைச் சேர்க்கும்போது போர்வை ஒரு பக்கம் சுருங்கி, ஒரு பக்கம் தொய்ந்து, கோணிக்கொண்டு நிற்கும்.

அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் ஈவி ரோசன் 1991இல் தொடங்கிய 'வார்ம் அப் அமெரிக்கா' திட்டம் இதற்கு ஒரு வழி சொன்னது. யாரும் முழுப் போர்வை பின்ன வேண்டாம். 7 அங்குல அகலம், 9 அங்குல நீளத்தில் ஒரே ஒரு துண்டு போதும். இத்தனை கண்ணி என்று யாரையும் கட்டுப்படுத்தாமல், அளவு வரும்வரை பின்னு என்றார்கள். இப்படி 49 துண்டு சேர்ந்தால் ஒரு போர்வை: வரிசைக்கு ஏழு, மொத்தம் ஏழு வரிசை, 49 அங்குலத்துக்கு 63 அங்குலம். நேற்றுக் கற்றுக்கொண்டவரின் துண்டும் நாற்பது வருடக் கைப்பழக்கம் உள்ளவரின் துண்டும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார இடம் கிடைத்தது. இத்தனை கூட்டுத் திட்டங்களைப் பார்த்தும், இதைவிட நல்ல ஏற்பாடு என் கண்ணில் படவில்லை.

★

தப்பைத் திருத்தவும் பொதுச் சொற்கள் உண்டு. ஒவ்வொரு கண்ணியாகப் பின்னோக்கி அவிழ்ப்பதற்கு 'டிங்க்'. 'நிட்' என்ற ஆங்கிலச் சொல்லின் எழுத்துகளைத் திருப்பிப் போட்டால் வருவது அது. மொத்தமாக உருவிப் பிரிப்பதற்கு 'ஃப்ராக்', தவளை. பிரி, பிரி என்பதற்கான ஆங்கிலச் சொற்கள் தவளையின் கத்தலாகக் காதில் விழுவதால் வந்த பேர். பத்து நாள் வேலையை உருவியவர் "தவளையாக்கிவிட்டேன்" என்றால் குழுவில் அத்தனை பேருக்கும் புரியும், யாரும் மேற்கொண்டு கேள்வி கேட்பதில்லை.

ஒரே வடிவத்தை ஒரே காலத்தில் பலர் அவரவர் வீட்டில் பின்னுவது 'நிட்-அலாங்'. அதில் மர்ம வகையும் உண்டு. வடிவக் குறிப்பை வாரம் ஒரு பகுதியாகத்தான் தருவார்கள். கடைசிப் பகுதி வரும்வரை தன் கையில் என்ன உருவாகிறது என்று யாருக்கும் தெரியாது.

★

2006 குளிர்கால ஒலிம்பிக்கின்போது கனடா எழுத்தாளர் ஸ்டெஃபனி பேர்ல்-மெக்ஃபீ ஒரு சவால் விட்டார்: தொடக்க விழாவில் முதல் கண்ணி போடு, தீபம் அணைவதற்குள் முடி. ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தார்கள். பிறகு 'ராவல்ரி' என்ற பின்னல்காரர் தளம் இதையே 'ராவலிம்பிக்ஸ்' என்று நடத்தியது. 2012இல் அமெரிக்க ஒலிம்பிக் குழு, அந்தப் பேர் விளையாட்டு வீரர்களுக்கு மரியாதைக் குறைவு என்று கடிதம் அனுப்பியது. பின்னல்காரர்கள் கொதித்தெழுந்தார்கள். குழு மன்னிப்புக் கேட்டது. இருந்தும் பேர் 'ராவலெனிக் விளையாட்டுகள்' என்று மாறியது.

★

மரத்துக்கும் தூணுக்கும் கம்பளி உறை மாட்டுவதற்கு 'யார்ன் பாமிங்', நூல் குண்டு என்று பேர். 2005இல் ஹூஸ்டன் நகரில் மாக்டா சயெக் தன் கடையின் கதவுக் கைப்பிடிக்குப் பின்னிய சிறு உறையிலிருந்து இது பரவியது. லண்டனில் லாரன் ஓ'ஃபாரல் குழுவினர் இதையே 'நூல் புயல்' என்றார்கள். என் ஓட்டு புயலுக்கு.

2006 ஏப்ரலில் கோபன்ஹேகனில் ஒரு பழைய பீரங்கி வண்டி தலைமுதல் கால்வரை இளஞ்சிவப்புக் கம்பளியில் நின்றது. ஈராக் போரில் டென்மார்க் பங்கெடுத்ததை எதிர்த்துக் கலைஞர் மரியான் யோர்கன்சன் செய்தது. ஐரோப்பாவிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் வந்த 4,000க்கு மேற்பட்ட சதுரங்கள், ஒவ்வொன்றும் 15 சென்டிமீட்டர்.

★

ஆஸ்திரேலியாவின் பிலிப் தீவில் பென்குயின்களுக்கு ஸ்வெட்டர் பின்னச் சொல்லிக் கேட்டபோது பலர் அதை வேடிக்கை என்றுதான் நினைத்தார்கள். காரணம் உயிர் சம்பந்தப்பட்டது. அங்கே இருப்பது வளர்ந்தாலும் ஒரு கிலோ எடையே உள்ள சின்னப் பென்குயின் வகை. கடலில் கசிந்த எண்ணெய் இறகில் பட்டால் இறகுகள் ஒட்டிக்கொண்டு, குளிர்நீர் தோலைத் தொடும். பறவை அலகால் இறகைக் கோதும்போது எண்ணெய் வயிற்றுக்குள்ளும் போகும். பிடித்த உடனே கழுவிவிடவும் முடியாது, முதலில் அது தெம்பு பெற வேண்டும். அந்த இடைவேளையில் அலகு இறகைத் தொடாமல் காப்பதும், உடல் சூட்டைக் காப்பதும் அந்தச் சின்ன ஸ்வெட்டர்தான். கழுத்து இறுக்கமாக, இரு சிறகுக்கும் துளையோடு பின்ன வேண்டும். தொளதொளவென்று இருந்தால் அலகு மாட்டிக்கொள்ளும். 2001இல் அங்கே எண்ணெய்க் கசிவில் 438 பென்குயின்கள் சிக்கின. காப்பாற்றிச் சிகிச்சை தந்தவற்றில் 96 சதவீதம் மறுபடி கடலுக்குப் போயின. 109 வயது ஆல்ஃபி டேட் உட்பட உலகெங்கிலுமிருந்து ஆட்கள் பின்னி அனுப்பினார்கள். தேவைக்கு மேல் குவிந்தவற்றைப் பொம்மைப் பென்குயின்களுக்குப் போட்டு விற்று, பறவைகளின் பராமரிப்புக்கே செலவிட்டார்கள்.

★

டென்மார்க்கில் 2013இல் தொடங்கிய 'ஸ்ப்ரூட்டே' குழு குறைமாதக் குழந்தைகளுக்கு, கொக்கி ஊசியால் பின்னும் குரோஷா முறையில் சின்ன ஆக்டோபஸ் பின்னுகிறது. உடம்பில் மாட்டியிருக்கும் குழாயைப் பிடித்து இழுக்காமல், குழந்தை அதன் சுருள் காலைப் பற்றிக்கொள்ளட்டும் என்பது எண்ணம். தொப்புள் கொடியை நினைவூட்டுகிற வடிவம். விதி கடுமை: முழுக்கப் பருத்தி நூல், 60 டிகிரி வெந்நீரில் துவைக்கத் தாங்க வேண்டும், இழுத்துப் பிடித்தாலும் கால் 22 சென்டிமீட்டரைத் தாண்டக் கூடாது. கழுத்தில் சுற்றிவிடாமல் இருக்கத்தான் இந்த அளவு.

★

கோழிக்கொண்டைப் பூவின் மடிப்பு எப்படி வருகிறது? ஓரம் நடுவைவிட வேகமாக வளர்வதால். குரோஷாவில் இத்தனை கண்ணிக்கு ஒன்று கூட்டு என்று விடாமல் கூட்டிக்கொண்டே போனால் அதே மடிப்பு வரும். 1997இல் கார்னெல் பல்கலைக்கழகக் கணித ஆசிரியர் டைனா டைமினா, காகிதத்தில் செய்தால் கிழிந்துபோன ஒரு வடிவியல் பரப்பை இப்படித்தான் கையில் பிடித்துப் பார்க்கும்படி செய்தார். பவளங்கள் பலவற்றின் வடிவமும் இதுவே. லாஸ் ஏஞ்சல்ஸில் வாழ்ந்த மார்கரெட், கிறிஸ்டின் வெர்தைம் சகோதரிகள் 2005இல் கம்பளிப் பவளப்பாறை தொடங்கினார்கள். மற்ற ஊர்க்காரர்கள் பின்னும் பாறைகளுக்குத் 'துணைக்கோள் பாறை' என்று பேர்.

★

2013 டிசம்பரில் நெல்சன் மண்டேலாவின் செயலாளராக இருந்த செல்டா லா கிராஞ், கரோலின் ஸ்டெய்ன் என்பவரிடம் ஒரு சவால் விட்டார்: மண்டேலாவின் அடுத்த பிறந்த நாளுக்குள் 67 போர்வை பின்ன வேண்டும். மக்களுக்காக அவர் உழைத்த ஆண்டுகளின் எண்ணிக்கை 67. ஒருவரால் ஆகாத வேலை என்று தெரிந்ததும் ஸ்டெய்ன் ஊரைக் கூப்பிட்டார்; தென்னாப்பிரிக்கச் சிறைக்கைதிகள் வரை பின்னினார்கள்.

உலகின் மிகப்பெரிய குரோஷா போர்வை நம் சென்னையில் விரிந்தது. 2016 ஜனவரி 31 அன்று 'மதர் இந்தியாஸ் குரோஷா குவீன்ஸ்' குழு 11,148.5 சதுர மீட்டரில் விரித்துக் கின்னஸ் சாதனை படைத்தது. 1,20,000 சதுர அடி. சென்னைக் கணக்கில் 50 கிரவுண்டு. கொக்கி ஊசி ஒன்றால், ஒரு நேரத்தில் ஒரு கண்ணி.

★

2014 ஆகஸ்ட் 9, நாகசாகி நாள். இங்கிலாந்தில் அணுகுண்டுத் தயாரிப்போடு தொடர்புள்ள ஆல்டர்மாஸ்டன், பர்க்ஃபீல்ட் ஆகிய இரு இடங்களுக்கும் நடுவே ஏழு மைல் நீளத்துக்கு இளஞ்சிவப்பு மஃப்ளர் ஒன்றை நீட்டிப் பிடித்தார்கள். பலர் பின்னிய துண்டுகளைச் சாலையோரத்திலேயே இணைத்து நீட்டியது. வேலை முடிந்ததும் அதைப் பிரித்து, தேவைப்பட்டவர்களுக்குப் போர்வைகளாகத் தைத்து அனுப்பிவிட்டார்கள்.