மரக்காணத்தில் நின்ற கால்வாய்

நிலத்தை வெட்டிக் கடலோடு கடலைச் சேர்த்ததனால் உலக வியாபாரத்தின் போக்கே மாறியதை நாம் அறிவோம். 1869-ல் திறந்த சூயஸ் கால்வாய், பம்பாயிலிருந்து லண்டன் செல்லும் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றும் சிரமத்தைத் தீர்த்தது. 1914-ல் திறந்த பனாமாக் கால்வாய் தென் அமெரிக்காவைச் சுற்றும் வழியைக் குறைத்தது.

கப்பல் செல்லாவிடினும், படகு செல்லும் பெரிய கால்வாய் நம் கரையிலும் உண்டு. சென்னைக்கும் எண்ணூருக்கும் இடையே 1806-ல் தொடங்கி, பின்னர் பெத்தகஞ்சாம் முதல் மரக்காணம் வரை சுமார் 260 மைல் நீண்டது. 1877-78-ல் கூவத்தையும் அடையாற்றையும் இணைத்த பகுதியை வெட்டியவர்கள் பஞ்சத்தில் பசித்த நம் ஜனங்கள்; பெயரோ கவர்னர் பக்கிங்ஹாம் பிரபுவினுடையது! உப்பும் விறகும் அவ்வழியே சென்னை சேர்ந்தன.

மரக்காணத்துக்குத் தெற்கே சுமார் 35 மைலில் கடலூர். கெடிலமும் உப்பனாறும் கூடும் அப்பழந்துறைமுகத்தில், பெரிய கப்பல்கள் நெடுங்காலம் தொலைவிலேயே நங்கூரமிட்டு நின்றன. சரக்கைக் கரை சேர்த்தவை படகுகளே. அதற்கும் தெற்கே, சிதம்பரத்தருகில், வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே பிச்சாவரம் உப்பங்கழிகள் பரந்து கிடக்கின்றன. இயற்கை நீர்வழிக்கு இடம் தந்தும், கால்வாய் இங்கு வரவில்லை.

1965, 1966-ம் வருஷப் புயல்கள் கால்வாயைச் சிதைத்தன. சென்னை நகரம் அதைச் சாக்கடையாக்கியது. 2008-ல் அறிவித்த தேசிய நீர்வழி நான்கின் தென்முனையும் புதுச்சேரியே. பெருஞ்சுமையைச் சிறு செலவில் கொண்டு செல்வது நீர். பசித்தோர் வெட்டிய வழியைத் தூர்த்துவிடாமல், செம்படவர் பிழைப்பும் சதுப்புக் காடும் கெடாவண்ணம் கடலூர் வரை நீட்டுவதே நம் கடமை.