'நான்' இல்லாத வினை

போர்த்துகீசிய இலக்கணப் புத்தகங்களின் வினைத்திரிபு அட்டவணைகளில் சில இடங்களில் வெறும் கோடு மட்டும் போட்டிருக்கும். அச்சுப்பிழை அல்ல, அந்த வடிவம் இல்லை என்று அர்த்தம். இவற்றைக் குறைவினைகள் எனலாம். நம் எச்சத்தோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். எச்சம் இன்னொரு சொல்லைக்கொண்டு முடியும். இங்கே சொல்லே கிடையாது.

'அபொலிர்' என்றால் ஒழித்தல். நீ ஒழிக்கிறாய், அவள் ஒழிக்கிறாள், நாம் ஒழிக்கிறோம், நான் ஒழித்தேன் எல்லாம் உண்டு. 'நான் ஒழிக்கிறேன்' மட்டும் மரபிலக்கணத்தில் இல்லை. அதன் அடியிலிருந்தே பிறக்கவேண்டிய 'ஒழிக்கட்டும்', மரியாதையான 'ஒழித்துவிடுங்கள்' இரண்டும் கூடவே போயின.

ஏன்? 'தொர்மிர்' (தூங்குதல்) தன்மை ஒருமையில் 'துர்மோ' ஆகிறது, ஒகரம் உகரமாகும். அப்படியானால் இது 'அபுலோ'வா, 'அபொலோ'வா? இரண்டும் காதுக்கு உதைக்கிறது என்று பண்டிதர்கள் கோடு போட்டுவிட்டார்கள். திவாலாதலைக் குறிக்கும் 'ஃபலிர்' வினைக்கு வேறு காரணம் சொல்வார்கள்: தன்மை ஒருமை 'ஃபலோ' என்று வரும், அது ஏற்கனவே 'நான் பேசுகிறேன்'. இந்தக் காரணம் எனக்கு ஒப்பவில்லை. 'ஃபுய்' என்பது 'இருந்தேன்', 'போனேன்' இரண்டுக்கும் பொது. 'ரியோ' ஆறும்தான், 'சிரிக்கிறேன்'னும்தான். யாரும் குழம்பிப் போகவில்லையே!

1962இல் வெளியான ஆஸ்டினின் உரைகளை அறிந்தவர்களுக்கு இங்கே ஒன்று உறுத்தும். சொல்வதே செயலாகிவிடும் கூற்றுக்கு அவர் முதலில் எடுத்துக்கொண்ட வடிவம் தன்மை ஒருமை நிகழ்காலம்: வாக்களிக்கிறேன், பெயரிடுகிறேன். ஒழிப்புக்கு விடுபட்டிருப்பது சரியாக அந்தக் கட்டம்.

பிரேசிலில் அடிமைமுறையை முடித்த 1888 மே 13 சட்டத்துக்கு இரண்டே பிரிவுகள். முகப்பில் இளவரசி இசபெலும் பேரவையும் படர்க்கையில் வருகிறார்கள். ஒழிக்கும் வாக்கியத்தில் யாருமில்லை: அடிமைமுறை அற்றுப்போனதாக அறிவிக்கப்படுகிறது, அவ்வளவுதான். 'அபொலிர்' என்ற வினையும் அதில் இல்லை. விடுதலையானவர்களுக்கு நிலமோ இழப்பீடோ பற்றி ஒரு வார்த்தை கிடையாது. இலக்கணத்தால்தான் இப்படி ஆனது என்று நான் சொல்லவரவில்லை. சட்டமொழி எங்குமே செயப்பாட்டுவினைக்குள் பதுங்குவதுதான். ஆனால் தன்னிலையைக் கழற்றிவிட்டு ஒழிப்பைப் பேசும் சௌகரியம் அட்டவணையிலும் அரசாணையிலும் ஒன்றுபோல் இருக்கிறது.

இன்றைய சில அகராதிகள் 'அபுலோ' என்று கட்டத்தை நிரப்பிவிட்டன. பேசுகிறவர்களோ பெரும்பாலும் 'ஒழிக்கப் போகிறேன்' என்று சுற்றிக்கொண்டு போகிறார்கள்.