படர்க்கையில் ஒளிந்த காதல்: ‘அமெலி’ திரைப்படம்

பிரெஞ்சு இயக்குநர் ழான்-பியேர் ழெனேயின் ‘அமெலி’ 2001ஆம் ஆண்டில் வெளிவந்தது. இன்றும் பலர் விரும்பிப் பார்க்கும் காதல் நகைச்சுவைப் படம் அது. பாரிஸ் நகரின் மோன்மார்த்ர் குன்றுப்பகுதி, பச்சையும் சிவப்பும் மேலோங்கிய வண்ணம், யான் தியெர்சனின் இசை ஆகியவை அதன் கவர்ச்சிக்குக் காரணங்களாகக் கூறப்படுகின்றன. படத்தில் காணும் பாரிஸ் உண்மையான நகரைவிட மிகத் தூய்மையானது எனக் குறை கண்டோரும் உளர். ஆயினும், அதன் ஈர்ப்புக்கு ஆழமான காரணம் மொழியில் உள்ளது என்பது என் கருத்து.

அமெலி காப்பிக்கடைப் பணிப்பெண். மருத்துவரான தந்தை மாதம் ஒருமுறை உடலைச் சோதிக்கும்போது மட்டுமே அவளைத் தொடுவார். அந்த அரிய தொடுகையால் அவள் நெஞ்சு படபடக்கும். அதனை இதயநோய் என எண்ணிய தந்தை அவளைப் பள்ளிக்கு அனுப்பவில்லை. இவ்வாறு தனிமையில் வளர்ந்தவள் பிறருக்காகத் துணிந்து செயல்படுகிறாள். இறந்த கணவனின் பழைய கடிதங்களிலிருந்து வரிகளை வெட்டி இணைத்து, அவன் எழுதியதாகவே ஒரு கடிதம் உருவாக்கி, அவன் மனைவிக்கு ஆறுதல் தருகிறாள். தன் காதலை நினோவிடம் கூறவோ அவளுக்கு நா எழவில்லை.

அவளுடைய அண்டைவீட்டு முதியவர் துஃபாயேலின் எலும்புகள் கண்ணாடிபோல் எளிதில் முறிபவை. வீட்டை விட்டு வெளியேறாத அவர், படகு விருந்தைக் காட்டும் ரெனுவாரின் ஓவியத்தை ஆண்டுக்கு ஒன்றாக இருபது ஆண்டுகளாகப் படியெடுத்து வருகிறார். அதில் தண்ணீர்க் குவளை ஏந்திய பெண்ணின் முகபாவம் மட்டும் அவருக்கு வசப்படவில்லை. இருவரும் அப்பெண்ணைப் பற்றி உரையாடுகின்றனர். ‘அவள்’ யாரை நினைக்கிறாள், ஏன் ஒதுங்கி நிற்கிறாள் என்று பேசுகின்றனர். உண்மையில் பேசப்படுபவள் அமெலியே. தன்மையில் கூற முடியாததைப் படர்க்கை அவளுக்காகக் கூறுகிறது.

இறுதியில் முதியவர் ஒளிநாடா ஒன்றின்வழி அவளிடம் நேராகப் பேசுகிறார். அவளுடைய எலும்புகள் கண்ணாடியல்ல என்றும் வாய்ப்பை நழுவவிடலாகாது என்றும் அறிவுறுத்துகிறார். இங்கே படர்க்கை முன்னிலையாகிறது. ஓவியப்பெண் என்னும் திரை விலகுகிறது. அமெலி கதவைத் திறக்கிறாள். வாசலில் நிற்கும் நினோவைப் பேசவிடாது, மென்மையாக முத்தமிடுகிறாள். அத்தருணத்தில் மூவிடங்களில் எதுவும் தேவைப்படவில்லை.

வகுப்பறையில் மூவிடங்களை விகுதி அட்டவணையாகக் கற்பிக்கிறோம். அவை அச்சத்தையும் நெருக்கத்தையும் அளக்கும் கருவிகளும் ஆகும். “என் நண்பனுக்கு ஒரு சிக்கல், ஐயா” என்று தொடங்கும் மாணவன் பெரும்பாலும் தன்னைப் பற்றியே பேசுகிறான். அந்தப் படர்க்கையை உடனே கலைத்துவிடாது பொறுமையுடன் கேட்பதும், உரிய வேளையில் “நீ எப்படி இருக்கிறாய்?” என்று முன்னிலையில் வினவுவதும் ஆசிரியரின் கடமை. துஃபாயேல் செய்தது இதுவே.